தொழிற்சாலை தொழிலாளர் கைக்கு மாறிய கணக்கு: ழான்-பப்தீஸ்த் கோதேனின் வாழ்வும் 1880 ஒப்பந்தமும்

ஏதேனும் ஒரு நிறுவனம் தன் ஊழியர்களுக்குப் பங்கு கொடுத்திருக்கிறது என்று செய்தி வரும்போதெல்லாம், தம்முள் பெரிதும் வேறுபட்ட மூன்று ஏற்பாடுகள் ஒரே பெயரில் பேசப்படுகின்றன. அவற்றை முதலில் பிரித்துக்கொள்வோம்.

1. லாபப் பங்கீடு: ஆண்டு லாபத்தில் ஒரு பகுதி ஊழியர்களுக்கு ரொக்கமாகத் தரப்படுகிறது. நிறுவனம் யாருக்குச் சொந்தம் என்பதில் எந்த மாற்றமும் ஏற்படுவதில்லை.

2. பங்கு வாங்கும் உரிமை: குறிப்பிட்ட காலம் வேலை செய்தவர், முன்பே குறித்த விலையில் நிறுவனத்தின் பங்குகளை வாங்கிக்கொள்ளலாம். அவர் ஒரு சிறு பங்குதாரர் ஆகிறார். கட்டுப்பாடு பழைய கைகளிலேயே இருக்கும்.

3. உடைமை மாற்றம்: மூலதனம் முழுவதும் அங்கே வேலை செய்கிறவர்களுக்கே சொந்தமாகிறது, நிர்வாகத்தைத் தேர்ந்தெடுக்கும் வாக்கும் அதனுடன் சேர்ந்து வருகிறது.

முதல் இரண்டும் இன்று பரவலாக உள்ளன. மூன்றாவது மிக அரிது. பெரிய, லாபம் ஈட்டுகிற, ஏற்றுமதி செய்கிற ஒரு தொழிற்சாலையை அதன் உரிமையாளரே முன்வந்து இந்த மூன்றாவது வழியில் தொழிலாளர்களிடம் ஒப்படைத்தது அதைவிட அரிது. பிரான்சின் வடக்கே, ஏய்ன் மாவட்டத்தில், குயீஸ் என்ற சிற்றூரில் அது நடந்தது. செய்தவர் ழான்-பப்தீஸ்த் ஆந்த்ரே கோதேன் (1817–1888): கணப்படுப்புத் தொழிலதிபர், குயீஸ் நகரின் மேயராக இருந்தவர், பிரெஞ்சு தேசியப் பேரவையின் உறுப்பினர். அவர் 1880இல் நிறுவிய கூட்டமைப்பு 1968 வரை, அதாவது 88 ஆண்டுகள், இயங்கியது. கோதேனைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் அவர் கட்டிய மாபெரும் குடியிருப்பின் படங்களோடு நின்றுவிடுகிறார்கள். அந்தக் கட்டடம் பாராட்டுக்குரியதுதான்; ஆனால் அவருடைய உண்மையான கண்டுபிடிப்பு ஒப்பந்தப் பத்திரத்தில் எழுதிய கணக்கில் இருக்கிறது என்பதே இக்கட்டுரையின் நிலைப்பாடு.

பட்டறையிலிருந்து காப்புரிமை வரை

கோதேன் 1817 ஜனவரி 26 அன்று எஸ்கேயேரி என்ற கிராமத்தில் பிறந்தார். தந்தை பூட்டு முதலிய இரும்பு வேலைகள் செய்த கைவினைஞர். பதினோரு வயதில் பள்ளியை விட்ட மகன் தந்தையின் பட்டறையில் வேலை கற்றார். பதினேழு வயதில் ஊரை விட்டுக் கிளம்பி, அக்காலத்து பிரெஞ்சுக் கைவினைஞர்களின் வழக்கப்படி நகரம் நகரமாகச் சென்று பலரிடம் கூலிக்கு வேலை செய்தார். காலை ஐந்து மணிக்குத் தொடங்கி இரவு எட்டு மணிக்கு முடியும் வேலை நாட்கள், வேலை தேடுவோர் கூடினால் உடனே குறைந்துவிடும் கூலி ஆகியவற்றைத் தம் பிற்கால நூலில் அவரே விவரித்திருக்கிறார். உழைப்பின் மதிப்பைச் சந்தையின் ஏற்ற இறக்கத்திடம் விட்டுவிடாமல் நியாயமாக அளக்க ஒரு விதி வேண்டும் என்ற எண்ணம் அந்த ஆண்டுகளில்தான் அவரைப் பற்றிக்கொண்டது. அவருடைய வாழ்க்கையின் மற்ற எல்லாப் பக்கங்களையும் இந்த ஒரே கேள்விக்கு அவர் தேடிய விடைகளாக வாசிக்க முடியும்.

ஊர் திரும்பிய கோதேன் 1840இல் சொந்தமாக ஒரு சிறு பட்டறை வைத்தார். அன்று வீடுகளைச் சூடாக்கிய கணப்படுப்புகள் பெரும்பாலும் இரும்புத் தகட்டால் செய்யப்பட்டவை. தகடு விரைவில் சூடாகும், விரைவில் ஆறும், சில ஆண்டுகளில் எரிந்து ஓட்டையாகும். கோதேன் தகட்டுக்குப் பதில் வார்ப்பிரும்பைப் பயன்படுத்தி, அதற்கு 1840இல் காப்புரிமையும் பெற்றார். வார்ப்பிரும்பு சூட்டை நெடுநேரம் பிடித்துவைத்து மெதுவாக வெளியிடும். நீண்ட நாள் உழைக்கும். தொழிலுக்கு இன்னொரு சாதகமும் இருந்தது. ஒரு முறை அச்சு செய்துவிட்டால் ஒரே வடிவத்தை ஆயிரக்கணக்கில் வார்க்கலாம். விலையைக் குறைத்து, இதுவரை வாங்க முடியாத குடும்பங்களுக்கும் விற்கலாம். 1846இல் தொழிலை குயீஸ் நகருக்கு மாற்றியபோது அவரிடம் சில பத்துத் தொழிலாளர்களே இருந்தனர். பின்பு பெல்ஜியத்திலும், பிரசெல்ஸ் அருகே, ஒரு கிளைத் தொழிற்சாலை எழுந்தது. தொடர்ந்து புதுப்பித்த காப்புரிமைகள், எனாமல் பூச்சு, அகன்ற விற்பனை வலை ஆகியவற்றால் 1850களின் இறுதிக்குள் அவர் பெரும் செல்வந்தர் ஆகிவிட்டார்.

ஃபூரியேயின் சிந்தனையும் டெக்சஸ் இழப்பும்

1842இல் கோதேன் ஒரு வட்டாரச் செய்தித்தாளில் ஷார்ல் ஃபூரியே பற்றிய கட்டுரை ஒன்றைப் படித்தார். ஃபூரியே (1772–1837) கற்பனைச் சோசலிசர் என்று பாடநூல்கள் வகைப்படுத்தும் சிந்தனையாளர். போட்டிச் சந்தைக்குப் பதிலாக, சுமார் 1,600 பேர் கொண்ட கூட்டுச் சமூகங்கள் வேண்டும். அவர்கள் அனைவரும் ஃபலான்ஸ்தேர் எனப்படும் ஒரே பெருங்கட்டடத்தில் வாழ்ந்து கூட்டாக உற்பத்தி செய்ய வேண்டும் என்பது அவருடைய திட்டம். தனிச்சொத்தை ஒழிக்கச் சொன்னவர் அல்லர். கூட்டு வருமானத்தைப் பன்னிரண்டு பங்காக்கி, மூலதனத்துக்கு நான்கு, உழைப்புக்கு ஐந்து, திறமைக்கு மூன்று என்று பிரிக்கச் சொன்னார். இந்த மூன்றையும், அதாவது மூலதனம், உழைப்பு, திறமை என்ற பகுப்பை, வாசகர் நினைவில் வைத்துக்கொள்வது நல்லது. 1880 ஒப்பந்தத்தில் அது வேறொரு உருவில் திரும்ப வருகிறது.

ஃபூரியேயின் சீடர்களில் முதன்மையானவர் விக்தோர் கோன்சிதெரான். அரசியல் காரணங்களால் நாடு கடந்து வாழ்ந்த அவர், அமெரிக்காவின் டெக்சஸில் இன்றைய டாலஸ் நகருக்கு அருகே ‘லா ரெயூன்யோன்’ என்ற குடியேற்றத்தை 1855இல் தொடங்கினார். கோதேன் அதில் ஒரு லட்சம் பிராங்க் முதலீடு செய்தார். அது அன்றைய அவருடைய செல்வத்தில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு. நிலம் விவசாயத்துக்கு ஏற்றதாக இல்லை, வந்தவர்களில் விவசாயம் அறிந்தவர்கள் குறைவு, நிர்வாகமும் குழம்பியது. சில ஆண்டுகளில் குடியேற்றம் சிதைந்தது. கோதேன் கொள்கையைக் கைவிடவில்லை. அதை நிறைவேற்றும் இடத்தையும் ஆளையும் மாற்றினார். இனி இன்னொருவரின் திட்டத்துக்குப் பணம் தருவதில்லை. தம் ஊரில், தம் தொழிற்சாலையின் லாபத்தைக் கொண்டு, தம் மேற்பார்வையிலேயே செய்வது என்று முடிவெடுத்தார்.

ஃபமிலிஸ்தேர் என்ற குடியிருப்பு

அந்த முடிவின் முதல் விளைவே ஃபமிலிஸ்தேர். அக்காலத்தில் தொழிலாளர் குடியிருப்பு என்றால், தனித்தனிச் சிறு வீடும் தோட்டமும் என்பதே நல்ல முதலாளிகளின் இலட்சியமாக இருந்தது. மூலூஸ் நகரில் 1853 முதல் அப்படிப்பட்ட வீடுகள் கட்டப்பட்டு வந்தன. கோதேன் அதை ஏற்கவில்லை. ஒவ்வொரு தொழிலாளியின் குடிசையையும் மாளிகையாக்க முடியாது, ஆகவே தொழிலாளர் அனைவரின் வீடுகளையும் ஒரே மாளிகைக்குள் வைக்க வேண்டும் என்பது அவர் வாதம். செல்வர் தனியாக அனுபவிக்கும் வசதிகளுக்கு ஈடான வசதிகளைக் கூட்டாக ஏற்படுத்திக்கொள்ளலாம் என்பதே அதன் அடிப்படை: தண்ணீர், வெளிச்சம், நல்ல காற்று, குழந்தைப் பராமரிப்பு, கல்வி, நாடகம், நூலகம்.

கட்டுமானம் 1859இல் ஓய்ஸ் ஆற்றின் வளைவில் தொடங்கியது. முதலில் இடது பிரிவும், 1860களின் நடுவில் மையப் பிரிவும், 1870களின் இறுதியில் வலது பிரிவும் நிறைவடைந்தன. ஒவ்வொரு பிரிவும் நடுவே கண்ணாடிக் கூரையிட்ட முற்றத்தைச் சுற்றி எழுப்பப்பட்ட செவ்வகக் கட்டடம். மையப் பிரிவின் முற்றம் ஏறக்குறைய 45 மீட்டர் நீளமும் 20 மீட்டர் அகலமும் கொண்டது. முற்றத்தைச் சுற்றி மாடிதோறும் நடைபாதை ஓடுகிறது. வீட்டுக் கதவுகள் அந்த நடைபாதையில் திறக்கின்றன.

இதில் ஜன்னல்களைச் சற்று நெருங்கிப் பார்க்க வேண்டும். அடுக்குக் கட்டடத்தில் கீழ்த்தளத்துக்கு வெளிச்சம் குறைவாகவும் மேல்தளத்துக்கு அதிகமாகவும் கிடைப்பது இயல்பு. எனவே கீழ்த்தளத்தின் ஜன்னல்கள் பெரியவையாகவும், மேலே செல்லச் செல்லச் சிறியவையாகவும் அமைக்கப்பட்டன. எந்த மாடியில் குடியிருந்தாலும் வெளிச்சம் கூடியவரை ஒரே அளவில் கிடைக்க வேண்டும் என்பதே நோக்கம். சமத்துவம் என்ற சொல்லைப் பேச்சளவில் விடாமல் ஜன்னலின் அளவு வரை கொண்டுபோன மனிதர் இவர் என்பதால்தான் இதைக் குறிப்பிடத் தோன்றுகிறது. மாடிதோறும் தண்ணீர்க் குழாய், குப்பையைக் கீழே தள்ளும் குழல், நிலவறை வழியாக முற்றத்துக்குள் காற்றை இழுக்கும் திறப்புகள் ஆகியவையும் இருந்தன. வீடுகளில் ஈரம் தங்கக் கூடாது என்பதற்காகத் துணி துவைக்கும் இடம் 1870இல் தனிக் கட்டடமாக அமைந்தது. அதிலேயே ஒரு நீச்சல் குளமும் இருந்தது. தொழிற்சாலையிலிருந்து வெதுவெதுப்பான நீர் அங்கே வந்தது, குழந்தைகள் இறங்கும்போது ஆழத்தைக் குறைப்பதற்காக மேலும் கீழும் நகர்த்தக்கூடிய மரத்தளமும் பொருத்தப்பட்டிருந்தது.

கல்வியும் இவ்வாறே. ஆணும் பெண்ணும் ஒரே வகுப்பில் அமர்ந்து, மதச்சார்பின்றி, கட்டணமின்றி, பதினான்கு வயது வரை கட்டாயமாகப் படித்தனர். பிரான்ஸ் முழுவதற்கும் இலவசக் கட்டாயத் தொடக்கக் கல்விச் சட்டங்கள் 1881–82இல்தான் வந்தன. குழந்தைகள் காப்பகத்தையும் பள்ளியையும் வழிநடத்தியதில் மரி மொரே என்ற பெண்மணியின் பங்கு பெரிது. கோதேனின் உறவினர் மகளான அவர், பின்னாளில் அவருடைய வாழ்க்கைத் துணையாகவும், 1878இல் தொடங்கப்பட்ட ‘லெ துவுவார்’ இதழின் தூணாகவும், கோதேனின் வாழ்க்கை ஆவணங்களைத் தொகுத்தவராகவும் விளங்கினார். கோதேன் மட்டுமே தனியாகச் செய்த சாதனை என்று இதைச் சொல்வது மரி மொரேவுக்குச் செய்யும் அநீதி.

பேரவையில் ஐந்தாண்டுகள்

1870–71 பிரஷ்யப் போரின்போது குயீஸ் மேயராக இருந்த கோதேன், 1871 பிப்ரவரி 8 தேர்தலில் ஏய்ன் மாவட்டத்திலிருந்து தேசியப் பேரவைக்குத் தேர்வானார். அதே ஆண்டில் தம் கொள்கைகளையும் குடியிருப்பின் அமைப்பையும் விளக்கும் ‘சமூகத் தீர்வுகள்’ என்ற பெருநூலை வெளியிட்டார். பேரவையில் பெரும்பான்மையினர் முடியாட்சி ஆதரவாளர்கள். அவர் அமர்ந்தது குடியரசு இடதுசாரிகளுடன். 1871இல் பாரிஸில் எழுந்த புரட்சி ஆட்சியான பாரிஸ் கம்யூன் ரத்தத்தில் அடக்கப்பட்ட பின்னர், தொழிலாளர் பிரச்சினை என்ற சொல்லே அவையில் சந்தேகத்தோடு பார்க்கப்பட்டது. உழைப்புக்கும் மூலதனத்துக்கும் இடையே சட்டப்படியான பங்கீடு வேண்டும் என்ற அவருடைய கருத்துக்கு அங்கே செவிசாய்க்க ஆளில்லை. 1876இல் அவர் மீண்டும் போட்டியிடவில்லை.

அரசியலில் அவர் சாதித்தது குறைவு. ஆனால் சட்டத்தின் வழியாக உடனே எதையும் எதிர்பார்க்க இயலாது, ஒப்பந்தத்தின் வழியாகவே செய்தாக வேண்டும் என்ற தெளிவு இந்த ஐந்தாண்டுகளில் அவருக்கு உறுதிப்பட்டது. 1883இல் வெளியிட்ட நூலில் அவர் இன்னும் ஒரு படி மேலே போய், தனிமனிதரின் செல்வம் சமூகத்தின் உதவியால்தான் உருவாகிறது என்பதால் அரசும் அந்தச் செல்வத்துக்கு வாரிசாக வேண்டும் என்று வாதிட்டார்.

இவ்வளவு தெளிவாக இருந்தவர் 1880 வரை ஏன் காத்திருந்தார் என்ற கேள்வி எழலாம். காரணம் பெரும்பாலும் சட்டச் சிக்கல். முதல் மனைவி எஸ்தேர் லெமேருடன் 1860களில் பிரிவு ஏற்பட்டது. அன்றைய திருமணச் சொத்து விதிகளின்படி தொழிற்சாலை இருவரின் பொதுச்சொத்து. வழக்கு ஆண்டுக்கணக்கில் நீண்டு, 1877இல் சொத்துப் பிரிவினை முடிந்த பிறகே எதைத் தரலாம், எதைத் தர முடியாது என்பது அவருக்குத் திட்டமாகத் தெரிந்தது. இடைப்பட்ட காலத்தில் அவர் சும்மா இருக்கவில்லை. ஊக்கத்தொகை யாருக்கு என்பதைத் தொழிலாளர்களே வாக்களித்து முடிவுசெய்யும் முயற்சிகளையும், வேலைப் பிரிவுகள் குழுக்களாகத் தம்மைத் தாமே நடத்திக்கொள்ளும் முயற்சிகளையும் செய்துபார்த்தார். அவை எதிர்பார்த்த பலனைத் தரவில்லை.

1880 ஒப்பந்தத்தின் கணக்கு

1880 ஆகஸ்ட் 13 அன்று ‘மூலதனம், உழைப்பு ஆகியவற்றின் கூட்டமைப்பு’ சட்டப்படி நிறுவப்பட்டது. குயீஸ் தொழிற்சாலை, பெல்ஜியத் தொழிற்சாலை, குடியிருப்பு ஆகிய அனைத்தும் அதன் சொத்தாயின. மதிப்பு 46 லட்சம் பிராங்க். அந்த மதிப்புக்கு உரிய மூலதனச் சான்றுகள் கோதேனிடம் இருந்தன. அதாவது முதல் நாளில் மூலதனம் முழுவதும் அவருடையதே. அது எப்படிக் கைமாறியது என்பதுதான் விளக்கப்பட வேண்டிய விஷயம்.

1. முதலில் செலவுகள். கூலி வழக்கம்போல் கொடுக்கப்படும். பிறகு தேய்மானம், பள்ளி, காப்பகம், காப்பீட்டு நிதிகள் ஆகியவற்றுக்கு ஒதுக்கப்படும். மூலதனச் சான்றுகளுக்கு 5 விழுக்காடு வட்டி தரப்படும். இத்தனைக்கும் பிறகு மிஞ்சுவதே பங்கிடத்தக்க லாபம்.

2. அந்த லாபம் மூன்றாகப் பிரியும். 25 விழுக்காடு இருப்பு நிதிக்கு. 25 விழுக்காடு திறமைக்கு, அதாவது நிர்வாகி, நிர்வாகக் குழு முதலியோருக்கு. 50 விழுக்காடு மூலதனத்துக்கும் உழைப்புக்கும் சேர்த்து.

3. மூலதனமும் உழைப்பும் அந்த 50 விழுக்காட்டை எந்த விகிதத்தில் பிரித்துக்கொள்வது? இதில்தான் கோதேனின் மேதைமை இருக்கிறது. உழைப்பின் பங்களிப்புக்கு அளவுகோல் அந்த ஆண்டு கொடுத்த மொத்தக் கூலி. மூலதனத்தின் பங்களிப்புக்கு அளவுகோல் மூலதனத் தொகை அல்ல, அதற்குக் கொடுத்த வட்டி. கூலி என்பது உழைப்பைப் பயன்படுத்தியதற்கான விலை. அதற்கு இணையாக நிறுத்த வேண்டியது மூலதனத்தைப் பயன்படுத்தியதற்கான விலையான வட்டியைத்தான் என்று அவர் கருதினார்.

இதன் விளைவு எவ்வளவு பெரியது என்பதை ஒரு கணக்கால் காட்டலாம். 46 லட்சத்துக்கு 5 விழுக்காடு வட்டி 2,30,000 பிராங்க். கணக்கு விளங்குவதற்காக, ஆண்டுக் கூலி 18 லட்சம் என்றும், பிரிக்க வேண்டிய தொகை 2 லட்சம் என்றும் வைத்துக்கொள்வோம். கோதேனின் விதிப்படி 18,00,000க்கு 2,30,000 என்ற விகிதம். உழைப்புக்கு ஏறத்தாழ 1,77,000 பிராங்கும் மூலதனத்துக்கு 23,000 பிராங்கும் போகும். மூலதனத் தொகையையே அளவுகோலாக எடுத்திருந்தால் 18 லட்சத்துக்கு 46 லட்சம் என்று விகிதம் தலைகீழாகி, உழைப்புக்குச் சுமார் 56,000 பிராங்க் மட்டுமே கிடைத்திருக்கும். லாபம் மாறவில்லை, மூலதனம் மாறவில்லை. எதை எதனோடு ஒப்பிடுகிறோம் என்பது மட்டும் மாறியது. ஊழியர் பங்குத் திட்டங்களைப் பற்றிய இன்றைய செய்திகளிலும், எத்தனை விழுக்காடு என்பதைவிட எதன் விழுக்காடு என்று கேட்பது பயன் தரும்.

4. தொழிலாளிக்கு உரிய ஈவு, அதாவது லாபப் பங்கு, ரொக்கமாகக் கையில் தரப்படவில்லை. அதற்கு ஈடாக அவர் பெயரில் ஒரு சேமிப்புச் சான்று எழுதப்பட்டது. அந்த ஈவுக்குச் சமமான ரொக்கம் கோதேனிடம் சென்றது. அவர் அதே மதிப்புள்ள தம் மூலதனச் சான்றை விட்டுக்கொடுத்தார். தொழிலாளி தம் சட்டைப் பையிலிருந்து ஒரு காசும் போடவில்லை. கோதேன் தானமாகவும் தரவில்லை. ஆண்டு லாபமே ஆண்டுதோறும் உடைமையை வாங்கிக்கொண்டிருந்தது. சான்று வைத்திருந்தவருக்கு அதன் மேல் 5 விழுக்காடு வட்டி ரொக்கமாகவே வந்தது.

5. கோதேனின் சான்றுகள் தீர்ந்த பிறகு என்ன? அப்போது மிகப் பழைய சேமிப்புச் சான்றுகள் முதலில் மீட்கப்படும். பழைய தொழிலாளிக்குப் பணம் திரும்பக் கிடைக்கும். அந்த மதிப்பு இப்போது வேலை செய்யும் தொழிலாளியின் பெயருக்கு மாறும். இந்தச் சுழற்சி நிற்பதே இல்லை.

ஐந்தாவது விதி இல்லாமல் போயிருந்தால் இரண்டு தலைமுறையில் கதை முடிந்திருக்கும். பல கூட்டுறவுத் தொழிற்கூடங்கள் நொடித்ததற்குக் காரணம், தொடக்கக் காலத் தொழிலாளர்கள் ஓய்வுபெற்ற பின்னும் பங்குகள் அவர்களிடமும் வாரிசுகளிடமும் தங்கிவிட்டதே. அப்போது புதிதாக வருகிறவர்கள் வெறும் கூலியாட்களாகிவிடுகிறார்கள். குயீஸில் மூலதனம் தானாகவே வேலை செய்கிறவர்களின் பக்கம் நகர்ந்துகொண்டிருந்தது. 1894இல், கோதேன் மறைந்து ஆறு ஆண்டுகளில், மூலதனம் முழுவதும் கூட்டமைப்பின் உறுப்பினர்களுடையதாகிவிட்டது.

நான்கு படிகள்

இனி இதே ஒப்பந்தத்தின் மறுபக்கம். தொழிலாளர் அனைவரும் சமமாகச் சேர்க்கப்படவில்லை. நான்கு நிலைகள் இருந்தன.

முதல் நிலையில் கூட்டாளிகள். இருபத்தைந்து வயது நிரம்பியிருக்க வேண்டும். ஐந்து ஆண்டுகள் தொழிற்சாலையில் வேலை செய்து, ஐந்து ஆண்டுகள் குடியிருப்பில் வசித்திருக்க வேண்டும். எழுதப் படிக்கத் தெரிந்திருக்க வேண்டும். 500 பிராங்க் மதிப்புள்ள சான்றுகள் இருக்க வேண்டும். ஏற்கெனவே உள்ள கூட்டாளிகளின் பொதுப்பேரவை ஏற்க வேண்டும். ஈவைக் கணக்கிடும்போது அவர்களுடைய கூலி இரு மடங்காக எடுத்துக்கொள்ளப்பட்டது. அடுத்தவர்கள் உறுப்பினர்கள், அவர்களுக்கு ஒன்றரை மடங்கு. மூன்றாவது பங்கேற்பாளர்கள், அவர்களுக்குக் கூலி உள்ளபடி. கடைசியில் துணைப் பணியாளர்கள். அவர்கள் பெயரில் சான்று எழுதப்படவில்லை, அவர்களுடைய உழைப்புக்கு உரிய ஈவு காப்பீட்டு நிதிக்குச் சென்றது. ஆகவே 1,000 பிராங்க் கூலி பெற்ற இருவர், ஒருவர் கூட்டாளி, மற்றவர் பங்கேற்பாளர் என்றால், முதலாமவரின் ஈவு மற்றவருடையதைப் போல இரு மடங்கு.

கோதேன் இதை நியாயப்படுத்தியது இப்படி: தொழிற்சாலையை முழுப்பொறுப்போடு நடத்தப் பழக்கமும் அறிவும் வேண்டும், நெடுங்காலம் தங்கி, கூட்டு வாழ்க்கையில் பழகியவர்களிடமே வாக்கைத் தரலாம். பெண்களும் கூட்டாளிகளாகலாம், வாக்களிக்கலாம், குழுக்களுக்குத் தேர்வாகலாம் என்று எழுதியவர் அவர். பிரான்சில் பெண்கள் முதன்முதலாகத் தேர்தலில் வாக்களித்தது 1945இல் என்பதை நினைத்தால் இதன் அருமை புரியும். ஆயினும் படிநிலை படிநிலையே. குடியிருப்பில் வீடுகளின் எண்ணிக்கைக்கு ஓர் எல்லை உண்டு. கூட்டாளியாவதற்குக் குடியிருப்பில் வசிக்க வேண்டும். ஆகவே தொழிற்சாலை வளர வளர, உள்ளே வர முடியாதவர்களின் கூட்டமும் வளர்ந்தது. குடியிருப்பில் பிறந்து வளர்ந்தவர்களுக்கு வழி எளிது, வெளியூரிலிருந்து வந்தவருக்குக் கடினம்.

விமர்சனங்கள் வெளியிலிருந்தும் வந்தன. ஏங்கெல்ஸ் வீட்டுவசதிப் பிரச்சினை பற்றிய தம் நூலின் 1887 பதிப்பில், குயீஸ் முயற்சியும் இறுதியில் தொழிலாளரைச் சுரண்டும் இடமாகவே ஆகிவிட்டது என்று அடிக்குறிப்பு எழுதினார். அந்தத் தீர்ப்பு கடுமையானது என்றே கருத வேண்டியிருக்கிறது. அவர் அதை எழுதிய ஆண்டில் உடைமை மாற்றம் பாதி வழியில் இருந்தது. ஏழு ஆண்டுகளில் அது முடிந்தது. எனினும் முற்றத்தைச் சுற்றிய நடைபாதையில் ஒவ்வொருவரின் வரவும் போக்கும் எல்லோருக்கும் தெரிந்த வாழ்க்கை, அபராதங்களும் விதிமுறைகளும் நிறைந்த வாழ்க்கை, எல்லோருக்கும் உவப்பாக இருந்திருக்காது என்பதையும் மறுக்க முடியாது.

நிறுவனர் மறைந்த பின்

கோதேன் 1888 ஜனவரியில் இறந்தார். ஒரே மகன் எமீல் அதற்குச் சில நாட்களுக்கு முன்புதான் காலமாகியிருந்தார். பிரெஞ்சுச் சட்டம் நேர்வாரிசுகளை முற்றாக ஒதுக்கிவிட அனுமதிக்காது; சட்டம் தம் விருப்பப்படி கொடுக்க அனுமதித்த பகுதியை கோதேன் கூட்டமைப்புக்கே எழுதிவைத்தார். சில மாதங்கள் மரி மொரே பொறுப்பேற்றார். பின்னர் பிரான்சுவா தெக்கேன் 1897 வரையும், அவருக்குப் பின் லூயி-விக்தோர் கொலேன் 1932 வரையும் நிர்வாகிகளாக இருந்தனர். நிறுவனரின் ஆளுமை இல்லாமல் எண்பது ஆண்டுகள் ஓடியது என்பது, ஒப்பந்தம் எவ்வளவு உறுதியாக எழுதப்பட்டிருந்தது என்பதற்குச் சான்று. முதல் உலகப் போரில் இடது பிரிவு எரிந்தது. 1920களில் அது மீண்டும் கட்டப்பட்டது.

பிறகு 1968இல் ஏன் முடிந்தது? காரணங்கள் ஒன்றின் மேல் ஒன்றாக விழுந்தன.

1. சந்தை மாறியது. எண்ணெயாலும் எரிவாயுவாலும் இயங்கும் மைய வெப்ப அமைப்புகள் வீடுகளுக்கு வந்தபின் வார்ப்பிரும்புக் கணப்படுப்பின் தேவை சரிந்தது. ஐரோப்பியப் பொதுச் சந்தை எல்லைகளைத் திறந்ததும் போட்டி கடுமையானது.

2. புதிய முதலீடு திரட்டுவது கடினம். மூலதனம் முழுவதும் தொழிலாளர்களின் சேமிப்புச் சான்றுகளாக இருக்க வேண்டும் என்ற விதி, வெளியாரின் கட்டுப்பாட்டைத் தடுத்தது. அதே விதி, பெரிய இயந்திரங்களுக்குத் தேவையான வெளிப்பணத்தையும் தடுத்தது. லாபம் குறையக் குறையச் சான்றுகளின் சுழற்சியும் மந்தமானது.

3. கூட்டாளிகளின் வட்டம் சுருங்கி மூடிக்கொண்டது. பெரும்பாலான தொழிலாளர்கள் தங்களை உடைமையாளர்களாக உணர முடியாத நிலையில், நெருக்கடி வந்தபோது கூட்டமைப்பைக் காக்க முன்வருவோர் குறைவாகவே இருந்தனர்.

மூன்றில் முதலாவது எந்தக் கணப்படுப்பு நிறுவனத்துக்கும் நேர்ந்திருக்கும். இரண்டாவது, தொழிலாளர் உடைமை நிறுவனங்கள் எங்கும் எதிர்கொள்கிற பொதுவான தடை. மூன்றாவது மட்டுமே கோதேனின் பேனாவிலிருந்து நேரடியாக வந்தது. கூட்டாளி என்ற தகுதியைக் குடியிருப்போடு பிணைக்காமல் விட்டிருந்தால், தொழிற்சாலை வளர்ந்த வேகத்திலேயே உடைமையாளர்களின் எண்ணிக்கையும் வளர்ந்திருக்கும்.

1968 ஜூனில் கூட்டமைப்பு கலைக்கப்பட்டு, தொழிற்சாலை சாதாரணப் பங்கு நிறுவனமாக மாற்றப்பட்டது. 1970இல் வார்ப்பிரும்புச் சமையல் பாத்திரங்களுக்குப் பெயர்பெற்ற லெ க்ரூசே நிறுவனம் அதை வாங்கியது. குடியிருப்பின் வீடுகள் தனித்தனியாக விற்கப்பட்டு, பொதுச்சொத்தாக இருந்த மாளிகை பலரின் தனிச்சொத்தாகப் பிரிந்தது. 1991இல் கட்டடத் தொகுதி வரலாற்றுச் சின்னமாகப் பாதுகாக்கப்பட்டது. 2000ஆம் ஆண்டுக்குப் பின் மாவட்ட நிர்வாகத்தின் துணையோடு அதன் பெரும்பகுதி சீரமைக்கப்பட்டு அருங்காட்சியகமாகத் திறக்கப்பட்டிருக்கிறது. கோதேன் என்ற பெயரில் கணப்படுப்புகள் இன்றும் விற்பனையாகின்றன. அவற்றைச் செய்கிறவர்களுக்கு அந்த நிறுவனம் சொந்தமல்ல.